தனிக்குடித்தனம் போன வருஷம்

ஷார்லட்டன்பர்க், சுவீடன்
18 பிப்ரவரி 1905

அன்புத் தங்கை தூராவுக்கு,

நான் நலம். அப்பா, தம்பி ஹால்வோர், நீ, மூவரும் நலமாயிருக்க வேண்டும். ஒரு செய்தி. செப்டம்பரில் எனக்குப் பிரசவம். போன முறை நடந்ததை நினைத்து இதுவரை யாரிடமும் சொல்லவில்லை. இறந்து பிறந்த அந்தக் குழந்தையின் முகத்தைக்கூட எனக்குக் காட்டவில்லை. அம்மா இருந்திருந்தால் அவரைக் கூப்பிட்டிருப்பேன். இல்லாததால் உன்னைக் கேட்கிறேன். நீ வந்துவிடு. நார்வே எல்லை தாண்டினால் முதலில் வருவது எங்கள் ஸ்டேஷன்தானே.

மாமியார் வழக்கம்போலத்தான். நான் சுட்ட ரொட்டியைத் தட்டிப் பார்த்து, "தண்டவாளத்துக்கு ஜல்லி கொறஞ்சா இதைப் போடலாம்" என்றார். ரயில்பாதை வேலையில் உன் அத்தான் ஆக்சலின் கூட்டாளிகள் அவரைக் கிண்டல் செய்கிறார்களாம்: "என்னப்பா, ஒரே ராஜாவுக்குக் கீழ இருக்கப் பிடிக்காம உன் மாமனார் ஊர்க்காரங்க தனிக்குடித்தனம் போறாங்களாமே?" அவர் சிரித்துக்கொண்டே சொன்னார். நானும் சிரித்தேன்.

உன் அக்கா,
சிக்னே

ஐட்ஸ்கூக், நார்வே
12 ஜூன் 1905

அன்புள்ள அக்காவுக்கு,

உனக்கும் செய்தி வந்திருக்கும். ஏழாம் தேதி நம் நாடாளுமன்றம் உறவை முறித்துவிட்டது. சுவீடன் ராஜா இனி நமக்கு ராஜா இல்லை. பத்திரிகையை வாசித்து முடித்ததும் அப்பா தொப்பியைக் கழற்றிவிட்டு அழுதார். பிறகு எழுந்து போய்க் கொடிக்கம்பத்துக்கு வெள்ளை அடித்தார்.

"அக்கா அந்தப் பக்கம் இருக்காளேப்பா" என்றேன்.

"அவளுக்கென்ன? தண்டவாளத்தையா பேத்து எடுக்கப் போறாங்க?" என்றார்.

குழந்தைக்குக் கம்பளிச் சட்டை பின்னுகிறேன். கட்டாயம் வருவேன்.

அன்புடன்,
தூரா

ஷார்லட்டன்பர்க்
27 ஆகஸ்ட் 1905

அன்புத் தூராவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. பிரிவதா வேண்டாமா என்ற வாக்கெடுப்பில் நம் ஊரில் ஒருவர்கூட எதிர்த்துப் போடவில்லை என்றும், வாக்குரிமை இல்லாத பெண்களிடம் நீ வீடு வீடாகப் போய்ப் பிரிவை ஆதரித்துக் கையெழுத்து வாங்கினாய் என்றும் எழுதியிருந்தாய். சந்தோஷம்.

இங்கே நான் கடைக்குள் நுழைந்தால் பேச்சு நின்றுவிடுகிறது. நேற்று மாமியார் என் கையிலிருந்து கூடையைப் பிடுங்கிக்கொண்டார். "நீ வாயத் தொறந்தா எந்த ஊருன்னு தெரிஞ்சிடும். வீட்டுலயே கெட" என்றார். ஆக்சலைப் படைக்கு அழைத்துவிட்டார்கள். இந்த மனுஷியும் நானும் மட்டும் இருக்கிறோம். கால் வீங்கிவிட்டது. இரவில் பயமாயிருக்கிறது. பத்தாம் தேதிக்குள் வந்துவிடு.

உன் அக்கா,
சிக்னே

ஐட்ஸ்கூக்
9 செப்டம்பர் 1905

அக்கா,

என்னால் வர முடியவில்லை. இரு நாட்டுப் பேச்சுவார்த்தையும் நின்றுவிட்டது. ஹால்வோர் துப்பாக்கியோடு எல்லையில் நிற்கிறான். அப்பா, "இப்ப அந்த வீட்டுக்குப் போனா, திரும்ப இங்க வராத" என்று சொல்லிவிட்டார்.

அதையும் மீறிப் பெட்டியோடு ஸ்டேஷனுக்குப் போனேன். என்னிடம் கையெழுத்துப் போட்ட பெண்கள் இருவர் அங்கே நின்றார்கள். "எங்க, சுவீடனுக்கா? ஊருக்கெல்லாம் ஒரு நியாயம், உனக்கு ஒரு நியாயமா?" என்று கேட்டார்கள். ரயில் வந்தது. நான் ஏறவில்லை. அப்பா மட்டும்தான் காரணம் என்று எழுதியிருக்கலாம். அது பொய்யாகிவிடும்.

ஹால்வோர் எல்லையில் இருப்பது அத்தானுக்குத் தெரிய வேண்டாம்.

தூரா

ஐட்ஸ்கூக்
30 நவம்பர் 1905

அன்புள்ள அக்காவுக்கு,

எத்தனை கடிதம் போட்டும் பதில் இல்லை. சமாதானம் ஆகி இரண்டு மாதமாகிறது. ஹால்வோர் ஒரு குண்டுகூடச் சுடாமல் இளைத்துத் திரும்பினான். டென்மார்க்கிலிருந்து புது ராஜாவும் வந்து இறங்கிவிட்டார்.

அப்பா தினமும், "கடுதாசி வந்துச்சா?" என்கிறார். இல்லையென்றால் மாட்டுக்கொட்டகைக்குப் போய்விடுகிறார். என்ன குழந்தை என்றுகூட எங்களுக்குத் தெரியாது. பிழைத்ததா என்றும் தெரியாது. நீயே எப்படி இருக்கிறாயோ! கிறிஸ்துமஸுக்கு எல்லோரும் வாருங்கள். மாமியாரையும் அழைத்து வரச் சொன்னார் அப்பா. கோபமானால் திட்டியாவது எழுது.

அன்புடன்,
தூரா

ஷார்லட்டன்பர்க்
17 டிசம்பர் 1905

அன்புள்ள தூராவுக்கு,

பெண் குழந்தை. செப்டம்பர் பதினான்காம் தேதி பிறந்தாள். நலமாக இருக்கிறாள்.

இரண்டு நாள் வலி. மருத்துவச்சி வேறு வீட்டில் மாட்டிக்கொண்டாள். கழுத்தில் கொடி சுற்றி, நீலமாக வந்தது குழந்தை. மாமியார்தான் கொடியை எடுத்துவிட்டு, வாயில் வாய் வைத்து ஊதினார். அது அழுத பிறகு, "இந்தா, நல்லா மொகத்தப் பாத்துக்க" என்று என் நெஞ்சில் போட்டுவிட்டு, தரையில் உட்கார்ந்து ஒரு பாடு அழுதார். குழந்தைக்கு அவர் பெயர்தான் வைத்திருக்கிறோம், பிரித்தா. அம்மா பெயர் வைக்கவில்லை என்று அப்பாவுக்கு வருத்தம் இருக்கும்.

ஆக்சல் அக்டோபரில் வந்துவிட்டார். ஹால்வோர் நல்லபடியாகத் திரும்பியதைச் சொன்னேன். "அப்பாடா" என்றார்.

கோபமா என்று கேட்கிறாய். எழுத உட்கார்ந்தபோதெல்லாம் தேடிப் பார்த்தேன், கோபம் இல்லை. கோபம் வராதது எனக்கே பயமாயிருந்தது, பதில் எழுதாததற்கும் அதுதான் காரணம் என்று நினைக்கிறேன். கிறிஸ்துமஸுக்கு வர முடியாது. மாமியாருக்கு இருமல், விட்டுவிட்டு வர மனமில்லை.

பனி உருகியதும் நீ வா. அப்பாவையும் அழைத்து வா. வரும் நாளை முன்கூட்டியே எழுது. விருந்தாளிகள் வருகிறார்கள் என்றால், மாமியார் ஜன்னல் திரையெல்லாம் துவைத்து மாட்டுவார்.

இப்படிக்கு,
சிக்னே