வினாகிரி விட்ட சாயம்

12 ஜூன் 1996, புதன்

இவர் துப்பாக்கி சுடும் கிளப்பில் சேர்ந்து இரண்டு மாதம். நான் அதைப்பற்றி ஒன்றும் கேட்பதில்லை. யாழ்ப்பாணத்தில் வெடிச்சத்தத்துக்குப் பயந்து ஓடி வந்தவர்கள் நாங்கள். ஆக்லாந்தில் பொழுதுபோக்கென்று அதையே கையில் எடுக்கிறாரே என்று கோபம்.

இன்று பின்னேரம் கைத்துப்பாக்கியின் கைப்பிடியை மட்டும் கழற்றிக்கொண்டு வந்தார். வெள்ளை நைலான். துணிச் சாயத்தில் போட்டுச் சிவப்பாக்கப் போகிறாராம். அரை மணி நேரம் சுடுநீரில் கிடந்தும் வெளிறிய றோசா நிறம்தான் வந்தது.

என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை.

"வினாகிரி விட்டனீங்களோ? நைலானுக்குப் புளிப்பு விட்டால்தான் சாயம் பிடிக்கும்."

"இல்லை, உப்புத்தான் போட்டனான். உமக்கு எப்படித் தெரியும்?"

பள்ளிக்கூட விளையாட்டுப் போட்டிக்கு நானும் தங்கச்சியும் நைலான் ரிபன்களுக்குச் சாயம் போட்ட கதையைச் சொன்னேன். கிளறுகிற கரண்டியை அவள் எனக்குத் தரவே மாட்டாள். போட்டியில் எங்கள் சிவப்பு இல்ல அணி தோற்ற பிறகும் ஒரு கிழமை முழுக்க சிவந்த விரல்களை எல்லாருக்கும் காட்டித் திரிந்தாள். ஷெல் விழுந்து அவள் போன பிறகு, அவளைப் பற்றிச் சிரித்துக் கதைத்தது இன்றைக்குத்தான்.

வினாகிரி விட்டு, அடுப்பைக் குறைத்து, நானே கிளறினேன். சாயம் நன்றாகப் பிடித்தது. இவர் கைப்பிடியைத் துணியில் வைத்துத் துடைத்தார்.

"சனிக்கிழமை ஒருக்கா வந்து பாருமன்."

"சத்தம் கேட்குமே."

"காதுக்கு மூடி தருவினம்."

வாறன் என்று நான் சொல்லவில்லை. எத்தனை மணிக்கு என்று மட்டும் கேட்டேன்.