உக்குவளை கேட்டில் சுற்றிய காற்றாடி

இரத்தோட்டை,
ஞாயிறு பின்னேரம்.

அன்புள்ள மகள் ஜெனிஸ்டாவுக்கு,

ஆண்டவர் உன்னையும் மருமகன் ஜெனோசனையும் அந்தக் குளிர் தேசத்தில் ஒரு குறையும் வராமல் காப்பாராக. இங்கே நானும் அம்மாவும் சுகம். இன்றைக்கு இதைத் தைரியமாக எழுதுகிறேன், போன மாதம் எழுதியிருந்தால் பொய்யாகப் போயிருக்கும். கையில் போன் இருக்கும்போது அப்பாவுக்கு எதற்குக் காகிதமும் பேனாவும் என்று நீ சிரிப்பாய். உன் அம்மா போனை ஸ்பீக்கரில் போட்டால்தான் பேசுவாள், நான் வாட்ஸ்அப்பில் ஏதாவது தட்டினாலும் தோளுக்கு மேலால் எட்டிப் பார்ப்பாள், இந்த விஷயத்தை அவள் காதுபட என் வாயால் சொல்ல முடியாது. அதனால் ஒரு கோப்பை தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு உட்கார்ந்து பொறுமையாக வாசி, இடையில் பதறிப்போய் போன் எடுத்துவிடாதே.

அம்மாவின் கர்ப்பப்பைக் கட்டிக்கு ஆப்பரேஷன் தேதியை டாக்டர்தான் தள்ளிவைத்தார் என்று உனக்குச் சொன்னோமே, அது சுத்தப் பொய். டாக்டர் வா வா என்றார். கட்டி வளர்கிறது மாஸ்டர், இனியும் விட்டால் உயிருக்கே ஆபத்து என்று என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். போகமாட்டேன் என்று ஒற்றைக் காலில் நின்றது உன் அம்மாதான். ஏன் என்று கேட்டுக் கேட்டு என் வாய் வலித்தது. கடைசியில் ஒருநாள் மரக்கறி வெட்டிக்கொண்டே சாதாரணமாகச் சொல்கிறாள், லெஸ்லிகிட்ட கேட்டேங்க, அவன் வேணாம்னுட்டான் என்று. உன் தம்பியை மண்ணுக்குக் கொடுத்து இரண்டு வருடம் ஆகிறது.

அவன் போன அன்றைக்கு நடந்ததை உனக்கு நாங்கள் முழுதாகச் சொன்னதில்லை, நீ வந்து சேர்வதற்குள் அடக்கமும் முடிந்துவிட்டது. டெங்குக் காய்ச்சல் விட்டுவிட்டது என்று நாங்கள் சந்தோஷப்பட்டுக்கொண்டிருந்த நேரம் அவனுக்குக் கையும் காலும் சில்லென்று ஆகி, அவனுடைய நீலக் காரிலேயே அவனைப் பின்சீட்டில் படுக்கவைத்து, தலையை அம்மா மடியில் வைத்துக்கொண்டு, கண்டி ஆஸ்பத்திரிக்கு ஓட்டினேன். உக்குவளையில் ரயில் கேட் போட்டிருந்தது. ரயில் வருகிற வழியாகக் காணோம். இஞ்சின் சூடாகி ரேடியேட்டர் காற்றாடி உர்ர்ர் என்று சுற்றத் தொடங்கியது. தண்ணி குடிக்கிறியா மகன் என்று அம்மா கேட்டாள், வேணாம்மா என்றான். அவ்வளவுதான் அவன் பேசியது. கேட் திறக்கும்போது காற்றாடி மட்டும்தான் சத்தம் போட்டுக்கொண்டிருந்தது.

அந்தக் காரை விற்கவும் விடமாட்டாள், கராஜுக்குக் கொண்டுபோகவும் விடமாட்டாள், அவன் பொருளில் வேறு ஆள் கை படக்கூடாதாம். நான் மட்டும் எப்போதாவது ஸ்டார்ட் பண்ணி ரோட்டுக்கு எடுப்பேன். கொஞ்ச நாளாக அம்மா பின்னேரம் செபமாலை முடிந்ததும் ஷெட்டுக்குப் போய்க் காரில் உட்கார்ந்துகொள்வதைக் கவனித்தேன். சரி, அழட்டும், அழுதால் பாரம் குறையும் என்று விட்டுவிட்டேன். அவள் அழவில்லை மகளே, பேசிக்கொண்டிருந்தாள். சாவியை ஒரு திருகு மட்டும் திருகுவாள், இஞ்சினை ஸ்டார்ட் பண்ணமாட்டாள், ஏதாவது கேட்பாள். சில கேள்விக்கு ஒன்றும் நடக்காது. சில கேள்விக்குக் காற்றாடி சுற்றும். பச்சைத் தண்ணீர் மாதிரிக் குளிர்ந்து கிடக்கிற இஞ்சினுக்குக் காற்றாடி எதற்கு? சுற்றினால் வேணாம்மா என்று அர்த்தமாம், சுற்றாவிட்டால் சரியாம். கறி என்ன வைப்பது என்பதுகூட அங்கேதான் முடிவாகியிருக்கிறது. ஆப்பரேஷனுக்குப் போகவா என்று எத்தனையோ நாள் கேட்டிருக்கிறாள், ஒவ்வொரு தடவையும் சுற்றியதாம்.

முப்பது வருடம் பிள்ளைகளுக்கு விஞ்ஞானம் படித்துக்கொடுத்தவன் வீட்டில் இந்தக் கூத்தா என்று எனக்கு ரத்தம் கொதித்தது. அவளைக் கண்டபடி ஏசினேன். பிறகு யோசித்தேன், காருக்கு ஏதோ கோளாறு, கண்டுபிடித்துவிட்டால் முடிந்தது. மாத்தளையில் உதிரிப்பாகக் கடை வைத்திருக்கிற அம்ஹர் என் பழைய மாணவன்தான். அவனிடம் அம்மா கதையைச் சொல்லாமல் காரின் கோளாறை மட்டும் சொன்னேன். அது ரேடியேட்டர்ல ஓடுற கூலண்ட் தண்ணியோட சூடு பார்க்கிற சென்சர் சேர், இஞ்சின் எவ்வளவு சூடுன்னு கம்ப்யூட்டருக்கு அதுதான் சொல்லும், அது பேசாட்டி கம்ப்யூட்டர் பயந்துபோய்க் காற்றாடியப் போட்டுடும் என்றான். ஸ்டேஷனில் இருந்து தகவல் வராவிட்டால் கேட்காரன் கேட்டை மூடியே வைத்திருப்பானே, அந்த மாதிரி. ஆனால் வயரிலும் கோளாறு இருக்கலாம், பார்க்காம வாங்காதீங்க என்று எப்படிப் பார்ப்பது என்பதையும் சொல்லித்தந்தான்.

பகலில் பார்த்தேன், எல்லாம் ஒழுங்கு. சாவியைப் போட்டேன், காற்றாடி அசையவே இல்லை. என்னிடம் இருந்த பழைய மீட்டரை வைத்துப் பார்த்தேன், சென்சரும் சரி, பிளக்குக்கு வருகிற மின்சாரமும் சரி. மலையில் இருந்து பனி இறங்குகிற நேரத்தில்தான் அது தன் வேலையைக் காட்டும் போல. அதனால் ஒரு பின்னேரம் அம்மா காரில் உட்கார்ந்திருக்கும்போதே எண்ணெய் பார்க்கிற சாக்கில் பொனட்டைத் திறந்தேன். அவளுடைய குண்டூசி இரண்டை பிளக்குக்குப் பின்னால் வயரோடு வயராகச் செருகி மீட்டரைப் பிடித்தேன். மூன்று வோல்ட்டும் சொச்சமும் காட்டியது, குளிர்ந்த இஞ்சினுக்கு அதுதான் கணக்கு. தொடர்பு அறுந்தால் ஐந்துக்குப் போகும் என்று அம்ஹர் சொல்லியிருந்தான். பனி ஷெட்டுக்குள்ளேயே வந்துவிட்டது, அம்மாவின் முகம் கண்ணாடிக்குப் பின்னால் வெள்ளையாகத் தெரிந்தது. மீட்டர் மூன்றிலேயே நின்றது. அப்போது அவள் மெதுவாகக் கேட்டாள், அந்த ஆப்பரேஷனுக்குப் போயிரவா மகன் என்று. அவள் வாய் மூடவில்லை, என் கையில் மீட்டர் ஐந்துக்குத் தாவியது, என் முகத்துக்கு நேரே காற்றாடி உர்ர்ர் என்று சுற்றத் தொடங்கியது.

மீட்டரைக் கீழே போட்டுவிட்டேன். அம்மா என்னைப் பார்த்துத் தலையாட்டினாள், பார்த்தீங்களா லெஸ்லிப்பா என்கிற மாதிரி.

அடுத்த ஞாயிறு அவளைப் பூசைக்கு அனுப்பிவிட்டு எனக்கு வயிறு சரியில்லை என்று வீட்டில் நின்றேன், பூசைக்குப் போகாத பாவம் என் தலையில். அம்ஹரிடம் வாங்கிய புதுச் சென்சரைக் கோழிக்கூண்டுக்குள் ஒளித்து வைத்திருந்தேன். இஞ்சின் நன்றாகக் குளிர்ந்திருக்கிறதா என்று தொட்டுப் பார்த்து, பற்றரி வயரைக் கழற்றி, ரேடியேட்டர் மூடியைத் திறந்து, கீழே ஒரு பிளாஸ்டிக் பேசினை வைத்து கூலண்டை இறக்கினேன். பச்சையாக வரவேண்டியது கலங்கித் துருப்பிடித்த நிறத்தில் வந்தது. சென்சரின் பிளக்கை அமுக்கி இழுத்தால் உள்ளே வெள்ளையும் பச்சையுமாகப் பூத்துப்போய்க் கிடக்கிறது, வாசர் வளையத்தின் ஓரத்தால் கசிந்து கசிந்து ஊசியெல்லாம் அரித்திருக்கிறது. சென்சரைக் கழற்றினேன், அதன் மூக்கும் அரித்துப்போயிருந்தது. விரலால் தொட்டு நாக்கில் வைத்துத் துப்பினேன், அட புத்தி கெட்ட மனுஷா என்று நீ ஏசாதே, அது நஞ்சு என்று எனக்கும் தெரியும். உப்புக் கரித்தது.

உப்பு எங்கிருந்து வந்தது என்று ஷெட் மூலையில் இருந்த போத்தலைப் பார்த்ததும் விளங்கிவிட்டது. லெஸ்லியின் ஆண்டுப் பூசைக்கு வந்த பங்குச் சுவாமி காரையும் மந்திரித்து, ஒரு பெரிய போத்தல் தீர்த்தமும் கொடுத்துவிட்டுப் போனார். நம்முடைய சுவாமி பழைய முறைப்படி உப்புப் போட்டு மந்திரிக்கிறவர். உன் அம்மா அதைக் காருக்கு வெளியே தெளித்தது போதாதென்று ரேடியேட்டருக்குள் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக்கொண்டே வந்திருக்கிறாள், போத்தல் காலியாகி மறுபடி கோயிலில் நிறைத்ததும் நடந்திருக்கிறது. உலகத்தில் வேறு எந்தப் பொம்பளைக்கு இந்த யோசனை வரும் சொல். உப்பு அரித்த ஊசி பகல் வெயிலில் ஒட்டிக்கொண்டு நிற்கும், பனி இறங்கி இரும்பு சுருங்கினால் விட்டுவிடும். அவ்வளவுதான் விஷயம். அவள் கேட்ட அந்த நொடியிலேயே ஏன் விட்டது என்று மட்டும் என்னைக் கேட்காதே.

பிளக்கைச் சுரண்டித் துடைத்து, புது வாசரோடு புதுச் சென்சரைக் கையாலேயே முறுக்கி, கடைசியில் ஸ்பேனர் சாவியால் கொஞ்சம் மட்டும் இறுக்கினேன், கூட இறுக்கினால் பித்தளை மரை அழிந்துவிடும். நல்ல தண்ணீரால் கழுவிக் கழுவிப் புதுக் கூலண்ட் ஊற்றி, மூடியைத் திறந்தே வைத்து இஞ்சினை ஓடவிட்டு, காற்றுக் குமிழி எல்லாம் வெளியேறிய பிறகு மூடினேன். சூடு முள் மெல்ல ஏறி நடுவில் நின்றது, காற்றாடி வேண்டிய நேரத்தில் சுற்றி வேண்டாத நேரத்தில் நின்றது. பழைய சென்சரை ஒரு ஜாம் போத்தலில் போட்டு வைத்தேன். அம்மா பூசையால் வருவதற்குள் கையைச் சவர்க்காரம் போட்டுத் தேய்த்துக் கழுவினேன்.

அன்று பின்னேரம் அவள் காரில் உட்கார்ந்து சாவியைத் திருகினாள். நான் கதவிடுக்கால் பார்த்துக்கொண்டு நின்றேன். கேட்டாள். ஒன்றும் சுற்றவில்லை. பனி முழுக்க இறங்கும்வரை உட்கார்ந்திருந்துவிட்டு உள்ளே வந்து, போகச் சொல்லிட்டான் என்றாள். செத்துப்போன பிள்ளையின் வாயை அடைத்துவிட்டு நான் அவன் பேரில் பொய் சொல்லிவிட்டேன். ஆனாலும் உடனே டாக்டருக்குப் போன் பண்ணினேன்.

ஆஸ்பத்திரிக்கு அதே காரில்தான் போனோம், வேறு எதிலும் ஏறமாட்டேன் என்றாள். பின்சீட்டில் அதே இடத்தில் உட்கார்ந்தாள். உக்குவளையில் கேட் போட்டிருந்தது மகளே. இஞ்சினை நிறுத்திவிடலாம் என்று நினைத்தேன், நிறுத்தினால் சந்தேகப்படுவாள். முள் ஏறியது, காற்றாடி உர்ர்ர் என்று ஆரம்பித்தது. சூடானால் சுற்றத்தானே வேண்டும், நான் பூட்டிய சென்சர் சரியாகத்தான் வேலை செய்கிறது, ஆனால் அவளுக்கு அது வேணாம்மா அல்லவா. திரும்பு என்றால் திருப்பத்தான் வேண்டும் என்று கண்ணை மூடிக்கொண்டேன். பின்னால் இருந்து அவள் கை என் தோளில் விழுந்தது. பயப்படாதீங்க, நீங்க செஞ்சு வச்சது எனக்குத் தெரியும், அன்னைக்கே உங்க கையில அந்த ரேடியேட்டர் தண்ணியோட இனிச்ச வாசம் வந்துச்சு என்றாள். அப்புறம் ஏன்டி வந்த என்றேன். இந்த வயசுல காருக்கடியில கிடந்து இவ்ளோ பாடுபட்டிருக்கீங்களே, உங்கள விட்டுட்டு அவன்கிட்ட போக எனக்கு மனசு வரல என்றாள். ரயில் போய், கேட் திறந்து, பின்னால் நின்ற பஸ்காரன் ஹார்ன் அடித்த பிறகுதான் எனக்குக் கண் தெரிந்தது.

ஆப்பரேஷன் நல்லபடி முடிந்தது, கட்டியில் கெட்டது ஒன்றும் இல்லை என்று நேற்று ரிப்போர்ட்டும் வந்துவிட்டது. ஆண்டவருக்கு ஸ்தோத்திரம். அம்மா கஞ்சி குடிக்கிறாள், உப்பு இல்லை என்று என்னை ஏசுகிறாள், அவள் வாயில் உப்பு என்ற சொல்லைக் கேட்டாலே எனக்கு இப்போது சிரிப்பு வருகிறது. இறக்கிய பழைய கூலண்ட் இன்னும் கேனில் கிடக்கிறது. நஞ்சு என்பதால் மண்ணில் ஊற்ற முடியாது, மந்திரித்தது என்பதால் சாக்கடையிலும் ஊற்ற முடியாது, சுவாமியிடம் கேட்கவும் வெட்கம். உனக்கு ஏதாவது யோசனை இருந்தால் எழுது.

இன்னொன்றையும் எழுதிவிடுகிறேன், எழுதத்தான் காகிதமே எடுத்தேன். நேற்றுப் பின்னேரம் ரிப்போர்ட்டைப் பார்த்த சந்தோஷத்தில் அம்மா கட்டிலில் சாய்ந்திருந்தாள். நான் அந்த ஜாம் போத்தலை எடுத்துக்கொண்டு ஷெட்டுக்குப் போனேன். காரில் உட்கார்ந்து, சாவியை ஒரு திருகு திருகி, வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், உன் தம்பியிடம் கேட்டேன். உன் வாயை அடைச்சிட்டேன் மகன், மன்னிச்சிரு, இந்தப் பழசையே திரும்பப் போட்டுறவா என்று கேட்டேன். ஒரு சத்தமும் இல்லை. காதைத் தீட்டிக்கொண்டு வெகுநேரம் இருந்தேன், முள் அடியில் கிடந்தது, காற்றாடி அசையவில்லை, இறங்கிப்போய்ப் பொனட்டைத் திறந்து கண்ணாலும் பார்த்தேன். நான் செய்த வேலை அவ்வளவு ஒழுங்கு. ஒரு மூச்சு அழுதுவிட்டு, முகத்தைத் துடைத்துக்கொண்டு, சுற்றாவிட்டால் சரி என்றுதானே அர்த்தம், நாளைக்குப் பழசையே பூட்டிவிடுவது என்ற முடிவோடு உள்ளே போனேன். அம்மா கண்ணைத் திறக்காமலே கேட்டாள், அவன்கிட்ட அப்படி என்னத்தக் கேட்டீங்க, வேணாம் வேணாம்னு இவ்ளோ நேரம் சுத்துச்சே என்று.

போத்தலை அலுமாரிக்கு மேலே வைத்துவிட்டேன், அது அங்கேயே இருக்கட்டும்.

மகளே, இரவில் போர்த்திக்கொண்டு படு, மருமகனைப் பனியில் வேகமாக ஓட்டவேண்டாம் என்று சொல், இரும்பு மாத்திரையை மறந்துவிடாதே. அம்மாவோடு பேசும்போது காரைப்பற்றி வாயே திறக்காதே, இந்தக் கடிதத்தைப் பற்றியும்தான். உங்கள் இருவர் தலையிலும் எங்கள் இருவரின் கையும், லெஸ்லியின் கையும் இருக்கிறது என்று நினைத்துக்கொள்.

என்றும் உன் அப்பா,
லோரன்ஸ்