பொந்துச் சுவரில் மரக்கட்டை

4 ஜூலை 1974, வியாழன்

இந்தக் கம்பெனியில் சுவர் என்றால் எல்லாம் சுவர்தான். ஆணியை வை, அடி, தீர்ந்தது. பதினாறு வருஷமாக சூப்பர்வைசராக இருந்து கத்திக்கொண்டிருக்கிறேன். பழைய கற்சுவர், சுண்ணாம்புக் கட்டுமானம் என்றால் தேக்குக் கட்டையை இறுக்கி அதில் திருகாணி. செங்கல் என்றால் ஓட்டையில் செருகும் ராவல் பிளக், அதுவும் கல்லின் நடுவில், இணைப்பில் இல்லை. கான்கிரீட்டுக்கு விரிகிற போல்ட். ஹாலோ பிளாக்கில் இதெல்லாம் பலிக்காது, உள்ளே பொந்து. இந்தப் பக்கம் விட்டு அந்தப் பக்கம் வரும் நீள போல்ட், பின்னால் இரும்புத் தகடு. பூசி வெள்ளையடித்தால் நாலுக்கும் ஒரே முகம். தட்டிப் பார்க்கணும். எவன் தட்டுகிறான்?

டிஸ்பென்சரியின் புது அறை ஹாலோ பிளாக். மருந்து ராக் மாட்ட கொத்தனார் சாம்பசிவத்தை விட்டேன். பையில் எல்லாச் சாமானும் இருந்தது. அவனுக்குத் தமிழ் வராது, எனக்குத் தெரிந்த தெலுங்கிலேயே சொன்னேன்: 'கட்டி பெட்டு.' உறுதியாக வை. பொந்துச் சுவரில் உறுதி என்றால் போல்ட்தானே, பதினோரு வருஷமாக வேலை பார்ப்பவனுக்கு வேறென்ன சொல்லணும்? என் முகத்தையே பார்த்து இரண்டு தடவை திருப்பிக் கேட்டான். 'ஆமாய்யா, அதேதான்!' என்று கத்தினேன். நர்ஸ் செலின் திரும்பிப் பார்த்தாள்.

9 ஜூலை, செவ்வாய்

ராக் விழுந்துவிட்டது. பத்து மணிக்கு, பாட்டில்களோடு. செலின் கையில் கண்ணாடி இறங்கி ஏழு தையல். கீழே பெஞ்சில் யாராவது உட்கார்ந்திருந்தால்?

போய்ப் பார்த்தேன். ஓட்டையில் மரக்கட்டை! ஹாலோ பிளாக்கில் மரக்கட்டை! படுபாவி. அவனை அங்கேயே நாலு அறை விட்டிருக்கணும்.

10 ஜூலை

ரிப்போர்ட் எழுதி எஞ்சினியர் இராமச்சந்திரனிடம் கொடுத்தேன். 'சொன்னதற்கு மாறாகச் செய்தான். பொறுப்பில்லாதவன்.' தினக்கூலிகளில் பத்துப் பேரை பெர்மனென்ட் ஆக்கும் லிஸ்ட் தயாராகிறது, சாம்பசிவம் பெயர் மூன்றாவது. சிவப்பு மையால் அடித்தார். அடிக்கட்டும்.

வீட்டில் சொன்னேன். மரியபுஷ்பம் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டே, "அவங்ககிட்ட ஒரு வார்த்தை கேட்டியளா?" என்றாள். இவளுக்கு ஊரில் உள்ளவன் எல்லாம் நல்லவன், கட்டின புருஷன் மட்டும் முசுடு.

12 ஜூலை

ஸ்டோர் வாசலில் வந்து நின்றான். "மீரே செப்பாரு சார்," என்கிறான். நானே சொன்னேனாம்! என்ன நெஞ்சழுத்தம். போ என்றேன். போகவில்லை. நான்தான் போனேன்.

16 ஜூலை, செவ்வாய்

செலினைப் பார்க்க சிகந்தராபாத் போனேன். அவர்கள் மூன்று தலைமுறையாக இங்கேயே இருப்பவர்கள், தெலுங்கு தண்ணீர்பட்ட பாடு. அந்தக் கொத்தனாரை விடமாட்டேன் என்று ஆரம்பித்தேன். அவள் கட்டுப்போட்ட கையை மடியில் வைத்துக்கொண்டு, "சார், கோவிச்சுக்காதீங்க," என்றாள். "நீங்க சொன்னது 'கட்டெ'ன்னுதான் கேட்டுச்சு. தெலுங்குல கட்டென்னா மரக்கட்டை. அவர் நம்பாம ரெண்டு தடவை கேட்டாரு, கட்டெயா சார், இந்தச் சுவத்துக்கான்னு. நீங்கதான் ஆமான்னு கத்துனீங்க."

அன்றைக்கே சொல்வதற்கென்ன என்று அவளிடமும் எரிந்து விழுந்தேன். "சொன்னா கேட்டிருப்பீங்களா?" என்றாள். காபியைக் குடிக்காமல் எழுந்து வந்துவிட்டேன்.

17 ஜூலை

சின்னவளைக் கூப்பிட்டு உறுதிக்குத் தெலுங்கில் என்ன என்றேன். சொன்னாள். நான் திருப்பிச் சொன்னேன். விழுந்து விழுந்து சிரிக்கிறாள். "காது டாடி, கட்டி! கட்டி!" காது என்றால் 'இல்லை'. முதல் எழுத்து 'அங்கே'யில் வருகிற க-வாம். என் வாயில் 'கடல்' க-தான் வருகிறது. இருபது தடவை சொன்னேன். எழுதினாலும் என் பேனாவில் இரண்டும் ஒரே எழுத்து.

சுவரைத் தட்டு, தட்டு என்று ஊரையே திட்டினேனே — அவன் தட்டியிருக்கிறான். தெரிந்துதான் கேட்டிருக்கிறான். நான்தான் செவிட்டு முண்டம்.

18 ஜூலை

கடிதம் எழுதிவிட்டேன். 'தவறு என்னுடையது. சாம்பசிவம் என் உத்தரவைத்தான் செய்தார்.' சட்டைப் பையில் இருக்கிறது.

19 ஜூலை

கொடுக்கவில்லை. எஞ்சினியர் லீவு.

பொய். இருந்தார். அறையில் நாலு பேர் இருந்தார்கள். தெலுங்கு தெரியாதவன் என்று அந்த நாலு பேர் சிரிப்பார்களே என்று திரும்பிவிட்டேன்.

20 ஜூலை, சனி

அரை நாள்தானே. திங்களன்று.

22 ஜூலை, திங்கள்

கொடுத்தேன். இராமச்சந்திரன் படித்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். லிஸ்ட் அவர் இடத்தில் வேறு பெயரோடு சனிக்கிழமை பன்னிரண்டு மணிக்கே ஹெட் ஆபீஸ் போய்விட்டதாம். இனி அடுத்த லிஸ்ட்தான். எப்போது என்றேன். யாருக்குத் தெரியும் என்றார். எனக்கு ஒரு மெமோ கொடுப்பாராம். கொடு, பத்து மெமோ கொடு! அந்த மனுஷனுக்கு அதனால் என்ன ஆகப்போகிறது?

சனிக்கிழமை பன்னிரண்டு மணிக்குக் கடிதம் என் பையில்தான் இருந்தது.

23 ஜூலை

சாம்பசிவத்திடம் போய்ச் சொன்னேன். எல்லாவற்றையும், பையில் வைத்திருந்த நாட்களையும் சேர்த்து. தமிழில் சொன்னேன், செலின் தெலுங்கில் சொன்னாள். அவர் கேட்டுவிட்டு, செலினிடம் கை வலி எப்படி இருக்கிறது என்று விசாரித்தார். என்னைத் திட்டியிருக்கலாம். திட்டித் தொலைத்திருக்கலாம்.

5 ஆகஸ்ட், திங்கள்

பெர்மனென்ட் ஆன பத்துப் பேரும் லட்டு கொடுத்தார்கள். சாம்பசிவமும் ஒன்று வாங்கிக் காகிதத்தில் மடித்து வைத்துக்கொண்டார், வீட்டுக்கு.

மதியம் கேன்டீனில் தட்டு அலமாரி மாட்டும் வேலை. அவர் சுவரைத் தட்டினார். அப்புறம் பைக்குள் கையை விட்டு, இடது கையில் ஒரு மரக்கட்டையும் வலது கையில் ஒரு போல்ட்டும் எடுத்து என் முன்னால் நீட்டினார். நான் வாயைத் திறந்தேன். மூடிக்கொண்டேன். நானும் போய்ச் சுவரைத் தட்டிப் பார்த்துவிட்டு, போல்ட்டைத் தொட்டேன்.

"ஹவ் சார்," என்று ஆமோதித்து உளியை எடுத்தார்.