தவிட்டுக்கு வாங்கிய பெயர்

மச்சான்,

மங்கலத்தில் விசைத்தறிச் சத்தம் முதன்முதலாகக் கேட்ட வருசம் அது. மழை ஏமாற்றி, சோளக்காட்டை விட்டுவிட்டு ஊரே தறிக்குப் போன வருசம். இன்று காலை மாட்டுக்குத் தவிடு கலக்கும்போது, அந்த வாசத்தில் அந்த வருசம் வந்து நின்றது. எனக்கு எழுத வராது என்பது உங்களுக்குத் தெரியும். நான் சொல்லச் சொல்லப் பக்கத்து வீட்டுப் பெண் எழுதுகிறாள்.

நேற்று உங்கள் மகளின் பேத்திக்கு மண்டபத்தில் பெயர் வைத்தார்கள். பனியன் கம்பெனி நடத்துகிறானே உங்கள் பேரன், அவன் மைக்கில் சொன்னான்: "ஷிவான்யாங்க. சிவனோட பாதின்னு அர்த்தம்."

"யாரு கண்ணு சொன்னது?" என்றேன்.

"நெட்டுல இருக்குதுங்க அப்புச்சி."

"இன்னொரு எடத்துலயும் பாரு."

பார்த்தான். அங்கே வேறு என்னவோ போட்டிருந்தது. முகம் சுண்டிப்போயிற்று. பந்தியில் எவனோ, "அப்டியே உங்கம்மா பேரையும் தட்டிப் பாருங்க" என்றான். பத்திரிகையில் உங்கள் மகள் பெயரைக் கல்பனா என்று போட்டிருந்தார்கள். பேரன் அவளுடைய பழைய பெயரைச் சொல்லித் தட்டினான். "குப்பாத்தா... குப்பைன்னு வருதுங்க!" மண்டபமே சிரித்தது. உங்கள் மகளும் சிரித்தாள் மச்சான். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

மூன்று குழந்தைகளை வரிசையாக மண்ணுக்குக் கொடுத்துவிட்டு, அந்த வருசம் பிறந்த நாலாவதை நீங்கள் முறத்தில் கிடத்திக் குப்பைமேட்டில் வைத்தீர்கள். "எங்களுக்கு வேண்டாம்" என்று உரக்கச் சொல்லிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் நடந்தீர்கள். உங்கள் தங்கை, என் ஊட்டுக்காரி, பிள்ளையை எடுத்துக்கொண்டாள். அவளுக்குத் தவிடு கொடுத்துத் திரும்ப வாங்கினீர்கள். யாருக்கும் வேண்டாத பிள்ளை என்று எமன் ஏமாந்து போகட்டும் என்றுதான் அந்தப் பெயரும், அத்தனையும். "காரணத்தப் புள்ளகிட்டக்கூடச் சொல்லீராதீங்க மாப்ள, எமன் காதுல உழுந்துரும்" என்றீர்கள்.

இத்தனை வருசமும் வாயை மூடிக்கொண்டிருந்தேன். அதற்குக் கிடைத்தது அந்தச் சிரிப்பு. நேற்று எழுந்து எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். எமன் கேட்டால் கேட்டுக்கொள்ளட்டும். எமன் கேட்டானோ என்னவோ, உங்கள் பேரன் கேட்கவில்லை. "சரிங்க அப்புச்சி, பாயசம் ஆறுதுங்க" என்றான்.

உங்கள் மகள் மட்டும் கை கழுவும் இடத்துக்கு என் பின்னாலேயே வந்தாள்.

"மூணு பேருங்களா மாமா? அவங்க பேரென்னங்க?"

"பேரு வெக்கற வரைக்கும் ஒண்ணும் தங்குல சாமி."

அவர்களைப் புதைத்த இடத்தில் இப்போது சாயப்பட்டறை நிற்கிறது. நீங்கள் போய்விட்டீர்கள். உங்கள் வீட்டம்மா போய்விட்டாள். தவிடு வாங்கியவளும் போய்விட்டாள். பார்த்துக்கொண்டு நின்ற நானும் கிளம்புகிற வயதுதான். அந்தக் குப்பைமேட்டுக்கு வந்தவர்களில் மிஞ்சப் போகிறவள், பத்திரிகையில் என்ன போட்டாலும், குப்பாத்தாள்.