ஒரு கிலோமீட்டர் வித்தியாசம்

மே 4, திங்கள்

காலை எட்டுக்கே புழுக்கம். மழை வரும் என்று ஒரு வாரமாகச் சொல்கிறார்கள், வந்தபாடில்லை. அசாம் ஜாவா சாலை முழுக்கத் தூசி.

செய்ய வேண்டியவை: கேஸ் சிலிண்டர் சொல்ல. கார் டயர். துணி (மூன்று நாள்!). ஆய்வேட்டின் மூன்றாம் அத்தியாயம்.

மில்லில் வழக்கமான ரகளை. இரண்டு லோரி படுத்துக்கொண்டன. எந்த எஸ்டேட்டின் செம்பனைக் குலை எந்த லோரியில் எந்த மில்லுக்கு, இதுதான் பன்னிரண்டு வருடமாக, மில் கிராணி என்ற குமாஸ்தாவாக, என் பிழைப்பு. இதற்கென்று ஒரு கணிதமே இருக்கிறது என்பது நாற்பது வயதில் பகுதிநேர முதுகலையில் சேர்ந்த பிறகுதான் தெரிந்தது. ஒரு பக்கம் மண்மேடுகள், இன்னொரு பக்கம் பள்ளங்கள். எந்த மேட்டு மண்ணை எந்தப் பள்ளத்தில் கொட்டினால் மொத்தச் சுமப்பு குறையும்? கேள்வி அவ்வளவுதான். பதில்தான் என் தூக்கத்தைக் கெடுக்கிறது.

நாளை என் பட்டியல் அமலுக்கு வருகிறது. பயமாகவும் இருக்கிறது, பெருமையாகவும் இருக்கிறது.

விஷயம் இது. சிறுநீரகம் போனவர்களுக்கு இரத்தம் சுத்தம் செய்யும் தரும மையம், கோல சிலாங்கூரில். செவ்வாய், வியாழன், சனி. எஸ்டேட்டுகளிலிருந்தும் தாமான் குடியிருப்புகளிலிருந்தும் பதினொரு பேரை வேனில் கூட்டி வருகிறார்கள். இப்போது தஞ்சோங் காராங்கில் கிளை திறந்திருக்கிறார்கள். இங்கே ஆறு நாற்காலி, அங்கே ஐந்து. யார் எங்கே? மையத்துத் தாதி பத்மா மிஸ்ஸி கேட்டார், நான் கையைத் தூக்கினேன். சேவை என்று அவர் நினைத்துக்கொண்டிருக்கிறார். எனக்கு அத்தியாயத்துக்கு ஓர் உதாரணம் தேவைப்பட்டது.

மே 5, செவ்வாய்

இன்னும் மழை இல்லை. அரை நாள் விடுப்பு.

வேன் கண்ணாடியில் பட்டியல் ஒட்டியாயிற்று. யாரை எந்த வரிசையில் இறக்குவது என்று எண்ணும் போட்டிருந்தேன். டிரைவர் முனியாண்டி அண்ணனுக்குப் பிடிக்கவில்லை. இரண்டு டிரைவர்கள், வாரம் மாற்றி வாரம் வேன் மாறுவார்கள். இந்த வாரம் இவருக்குத் தஞ்சோங் காராங்.

"கிராணியம்மா, நான் இத்தன வருஷமா நம்பர் பாத்து எறக்குனது இல்ல. யாருக்கு மூஞ்சி வெளுத்துருக்கோ அவங்கதான் மொதல்ல."

"மூஞ்சிய எப்படிண்ணே கம்ப்யூட்டர்ல போடறது?"

"அத நீங்கதான் சொல்லணும்லா. படிக்கிறவங்க நீங்க."

பத்மா மிஸ்ஸி நடுவில் வந்து, ஒரு மாதம் பேப்பரில் உள்ளபடியே போகட்டும் என்று முடித்துவிட்டார். மனிதருக்குப் பழக்கத்தை விட மனமில்லை என்று அப்போது நினைத்தேன்.

தஞ்சோங் காராங்குக்கு மாற்றிய ஐவரில் ஆரோக்கியசாமி அங்கிளும் ஒருவர் (இனி ஆ.சா.). வயது 61, முன்னாள் மண்டோர் (கங்காணி), ஆற்றுக்கு வடக்கே ஓர் எஸ்டேட்டில் தொழிலாளர் லயத்து வீடு. மகள் ரவாங்கில் தொழிற்சாலை வேலை, ஞாயிறு மட்டும் வருவாள். மற்ற நால்வருக்கும் அங்கேதான் பக்கம். இங்கே இருக்கும் வேறு யாரை நகர்த்தினாலும் பத்து, பதினைந்து கி.மீ. கூடுகிறது. இவருக்குக் கோல சிலாங்கூர் 17, தஞ்சோங் காராங் எஸ்டேட் பாதை வழியாக 18. ஒரே ஒரு கி.மீ. வித்தியாசம். யாரையாவது நகர்த்தியாக வேண்டும் என்றால் இவர்தான். யார் தூரத்தில் இருக்கிறார் என்பதல்ல, யாரை மாற்றினால் குறைவாக வலிக்கும் என்பதே கேள்வி. இந்த இடம் எனக்கு மிகவும் பிடிக்கும். எஸ்டேட் பாதையையும் நானே போன ஞாயிறு காலை காரில் ஓட்டிப் பார்த்தேன். காவல்காரர் சலாம்கூட வைத்தார்.

ஐந்து மணிக்கே முடிந்து எல்லாரும் ஆறுக்குள் வீட்டில். எல்லாருடைய தூரத்தையும் கூட்டினால் ஒரு நாளைக்கு 64 கி.மீ. மிச்சம். மேற்பார்வையாளருக்கு அனுப்பினேன். பல்கலைக்கழகத்திலிருந்து கட்டைவிரல் படம் வந்தது.

ரொட்டி சானாய் இரண்டு, குற்ற உணர்ச்சி இல்லாமல்.

மே 7, வியாழன்

மழை. கொட்டு கொட்டென்று. வந்ததும் வந்தது, இன்றா வர வேண்டும்.

மூன்று மணிக்குத் தஞ்சோங் காராங்கில் மின்சாரம் போயிற்று. அரை மணி நேரம் தாமதம். வேன் கிளம்பியது ஐந்தே முக்காலுக்கு. எஸ்டேட் கேட்டை அடைந்தபோது ஆறு பத்து. பூட்டு.

குலை திருட்டு. அதனால் கடைசி லோரி போனதும் ஆறு மணிக்குப் பூட்டுகிறார்கள். சாவி மேனேஜர் வீட்டில். முனியாண்டி அண்ணன் மழையில் இறங்கி நின்று கெஞ்சியிருக்கிறார். நாற்பது நிமிடம். பிறகு கோல சிலாங்கூர் வரை திரும்பிச் சுற்றிப் போயிருக்கிறார். பதினெட்டு, முப்பத்தாறு ஆயிற்று.

ஆ.சா.வுக்குக் காலில் தசைப்பிடிப்பு, பிறகு வாந்தி. பக்கத்து அம்மாவின் சேலையிலும் பட்டிருக்கிறது. வீடு சேர 1 மணி 50 நிமிடம். அண்ணன் போனில் திட்டவில்லை. "ஏறும்போதே வெளுத்துதான் இருந்தாரு, கிராணியம்மா. உங்க பேப்பர்ல அவருக்கு நாலாம் நம்பர்," என்றார். அவ்வளவுதான்.

இதில் எழுதவே கூசும் ஒன்று. ஆறு மணிக்குக் கேட் மூடும் என்ற சுற்றறிக்கையை எங்கள் மில் லோரிகளுக்குத் தட்டச்சு செய்தவளே நான்தான். போன வருடம். நான்கு பிரதி. அது லோரி ஃபைலில் இருந்தது. ஆட்களைப் பற்றி யோசிக்கும்போது லோரி ஃபைலைத் திறக்கத் தோன்றவில்லை. போகிற தூரமும் வருகிற தூரமும் ஒன்றே என்று ஒரே கட்டத்தில் ஓர் எண்ணைப் போட்டு வைத்தேன். குலைக்கு அது சரி. குலை திரும்பி வீட்டுக்குப் போவதில்லை.

சாப்பிடவில்லை.

மே 8, வெள்ளி

வெயில். துணி காய்ந்தது, ஒரு நல்ல காரியம்.

எங்கள் தாமான் கடையில் கமலாவைப் பார்த்தேன். பின் வரிசை வீடு, 27 வயது, நான்கு மாதமாக மையத்துக்குப் போகிறாள். கோல சிலாங்கூரிலேயே விட்டிருந்தேன். புது இடம் வேண்டாம் என்று அவளுக்கு நல்லது செய்ததாக நினைப்பு.

"எப்படி இருக்கு?" என்றேன்.

"ஓகேலா அக்கா. ஊசி போடும்போதுதான். முன்னாடி ஆரோக்கியசாமி அங்கிள் பக்கத்து சேர். நர்ஸ் குத்தி முடிக்கிறவரைக்கும் ஏதாச்சும் கதை சொல்லிட்டே இருப்பாரு. முடிஞ்சிருச்சின்னே தெரியாது. இப்ப டிவிதான்."

முட்டை, வெங்காயம் வாங்க மறந்து வந்துவிட்டேன்.

மே 9, சனி

மூட்டம். தலைவலி.

ஆ.சா. வரவில்லை. வேன் போய்ப் பத்து நிமிடம் ஹாரன் அடித்தும் கதவு திறக்கவில்லை. உள்ளே ரேடியோ பாடியதாம். பத்மா மிஸ்ஸி குரல் கம்மிச் சொன்னார்: "வசந்தி, ஒரு தடவ விட்டாலே தண்ணி ஏறிடும். செவ்வாயும் வரலன்னா எனக்குப் பயம்."

அவருக்கு இருப்பது பயம் என்றால் எனக்கு இருப்பதற்கு என்ன பெயர்?

மே 10, ஞாயிறு

விடிய ஒரு தூறல், பிறகு சுள்ளென்ற வெயில்.

ஆ.சா. வீட்டுக்குப் போனேன். மகளும் இருந்தாள், கண்கள் வீங்கி. அவர் ஞாயிறு பூசைக்குப் போகவில்லை. பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார், செருப்புக்குள் கால் நுழையாத வீக்கம். குளிர்ப்பெட்டியிலிருந்து ஓர் ஐஸ் கட்டியை எடுத்து வாயில் ஒதுக்கிக்கொண்டார். இவர்கள் அளவுக்கு மேல் தண்ணீர் குடிக்கக் கூடாது, ஐஸ்தான் தாகத்துக்கு.

"எனக்குப் போதும்மா. பொம்பளைங்க முன்னால வாந்தியெடுத்து, அந்தம்மா சேலையெல்லாம். காலையில அறுபது பேர பேர் சொல்லிக் கூப்ட்டு பெரட்டு எடுத்தவன் நான். அந்த வேன்ல இனிமே மூஞ்சிய எங்க வெச்சிக்கிறது?"

தூரம் அல்ல, வெட்கம். அதற்கும் என்னிடம் கட்டம் இல்லை.

தயாரித்துக்கொண்டு போன பேச்சை விட்டேன். உண்மையைச் சொன்னேன். "கேட் ஆறு மணிக்குப் பூட்டும்னு எனக்குத் தெரியும், அங்கிள். அந்தக் கடுதாசிய அடிச்சதே நான்தான். உங்க லிஸ்ட் போடும்போது மறந்துட்டேன். வாந்தி உங்களுதில்ல, என்னுது."

என்னையே பார்த்தார். "நீயே அடிச்சியா?"

"நாலு காப்பி."

சிரித்தார். சிரிப்பு இருமலாகி, மகள் முதுகைத் தடவ வேண்டியதாயிற்று. எனக்குக் கண்ணில் நீர், அதையும் மறைக்க முடியவில்லை.

கடைசியில்: "கோல சிலாங்கூர்ல பழைய எடம் குடுத்தா வரேன். இல்லன்னா என்னைய வுட்ரு."

மகளிடம் சொல்லிவிட்டு வந்தேன், மூச்சு வாங்கினால் செவ்வாய்க்குக் காத்திருக்காதே, நேரே ஆஸ்பத்திரி. தலையாட்டினாள். வழியில் மிஸ்ஸிக்குப் போன். ஆறு நாற்காலி ஆறுதான். ஒருவர் உள்ளே வந்தால் ஒருவர் வெளியே.

மே 11, திங்கள்

காற்றே இல்லை. மில் புகை நேராக மேலே போகிறது.

மதிய இடைவேளையில் கணக்கு. ஆ.சா.வை விட்டால் அடுத்து நகர்த்தச் சுலபமானவர் ராஜம்மா அக்கா. தஞ்சோங் காராங் போகும் சாலையில் வீடு. இங்கே 5, அங்கே 16, வித்தியாசம் 11. அதற்குப் பிறகு எல்லாம் பதினான்குக்கு மேல்.

இருவரையும் இடம் மாற்றி, போகவரக் கணக்குப் போட்டுப் பார்த்தேன். மிச்சம் 64 அல்ல, 44. பூட்டிய கேட்டையும் சேர்த்துப் பழைய திட்டத்தைக் கூட்டினால் மிச்சம் 46. இரண்டு முறை சரிபார்த்தேன். அவரை அந்தச் சுற்றில் இழுத்தடிப்பதுதான் இன்னமும் இரண்டு கி.மீ. லாபம். கூட்டுத்தொகைக்கு அவருடைய கால் வீக்கம் தெரியாது. நான்தான் சொல்ல வேண்டும்.

மேற்பார்வையாளருக்கு அனுப்பினேன். பதில்: மிச்சம் குறைந்துவிட்டதே, எதைச் சிறிதாக்குகிறாய் என்பதே மாறிவிட்டதா? ஆம் என்று எழுதினேன். அப்படியானால் அத்தியாயத்தை முதலிலிருந்து எழுது என்றார். எழுதுகிறேன்.

வேலை முடிந்து ராஜம்மா அக்கா வீடு. ஒருவர் வலியை எடுத்து இன்னொருவர் மடியில் வைக்கப் போகிறேன். சுற்றி வளைத்துச் சொல்லி முடித்தேன்.

அக்கா கீரை ஆய்ந்துகொண்டே, "தஞ்சோங் காராங்கா? என் தங்கச்சி அங்கதான இருக்கா. சீக்கிரமா கெளம்பி அவ வீட்ல சோறு சாப்ட்டுட்டுப் போவேன். மொதல்லயே கேட்டிருந்தா நானே வந்து பேர் குடுத்திருப்பேன்லா."

"கேக்கலக்கா."

"ஏன் கேக்கல?"

மூன்று வாரம் நிரல் எழுதினேன். யாரிடம் முதலில் கேட்பது என்று அது சரியாகத்தான் காட்டியது. கேட்பது என் வேலை.

கீரையில் பாதியைப் பையில் போட்டுக் கொடுத்தார்.

மே 12, செவ்வாய்

காலையில் மழை, பிற்பகலில் நின்றது. மறுபடியும் அரை நாள் விடுப்பு. மில் சூப்பர்வைசர் முறைத்தார்.

பட்டியலைக் கண்ணாடியிலிருந்து சுரண்டி எடுத்தேன். யார் எந்த மையம் என்பது மட்டும் இருக்கட்டும். இறக்கும் வரிசை முனியாண்டி அண்ணன் பாடு. இந்த வாரம் அவருக்குக் கோல சிலாங்கூர் வேன்.

பன்னிரண்டே காலுக்கு அண்ணனிடமிருந்து செய்தி: ஏறிட்டாரு.

அந்த ஒரு வார்த்தையை எத்தனை முறை படித்தேனோ.

ஐந்து மணிக்கு நானும் மையத்துக்குப் போனேன். ஆ.சா. முகம் தெளிந்திருந்தது. மூன்றரைக் கிலோ தண்ணீர் எடுத்தார்களாம். அவர்தான் முதலில் இறங்க வேண்டும், முப்பத்தைந்து நிமிடத்தில் வீடு. நானே மனதுக்குள் கணக்குப் போட்டு வைத்திருந்தேன். நானும் வேனில் ஏறிக்கொண்டேன், கடைசி இருக்கை.

கமலா ஏறும்போது கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். உதடு வெள்ளை. பிரஷர் இறங்கி, இப்போதுதான் சரியானதாக மிஸ்ஸி சொன்னார். அண்ணன் அவளைப் பார்த்தார், பிறகு ஆ.சா.வைப் பார்த்தார். அவள் வீடு எங்கள் அசாம் ஜாவா பக்கம், அவருடையது ஆற்றுக்கு அந்தப் பக்கம். முழுதாக எதிர்த் திசை.

ஆ.சா. முன் இருக்கையிலிருந்து எழுந்தார். "நீ இங்க ஒக்காரும்மா." பிறகு அண்ணனிடம், "அந்தப் பிள்ளைய மொதல்ல எறக்கு. என்னைய கடைசியா வுடு."

நான் வாயைத் திறந்தேன். "கிராணியம்மா, சும்மா இரு," என்றார் ஆ.சா.

வழி நெடுக அவளுக்கு ஏதோ கதை. ஓடிப்போன மாடு ஒன்று, துரை வீட்டுத் தோட்டம், யாரோ மரத்தில் ஏறியது. பாதிதான் காதில் விழுந்தது. டப்பாவில் இருந்த ஐஸ் கட்டியை ஆளுக்கொன்று கொடுத்தார், எனக்கும். கமலாவை வாசல் வரை கொண்டுபோய் விட்டோம். பிறகு திரும்பிப் பாலம், மற்றவர்கள், அவருடைய லயம். அவர் இறங்கும்போது பழக்கதோஷத்தில் கைக்கடிகாரத்தைப் பார்த்தேன்.

1 மணி 50 நிமிடம். போன வியாழன் எத்தனையோ, இன்றும் அத்தனையே.

படியில் நின்று திரும்பினார். "வியாழக்கிழம எத்தன மணிக்கு வேன்?"