கோர்ட்டில் வாங்கிய நட்சத்திரம்

என் செல்ல மகளுக்கு,

அம்மா எழுதுகிறேன். நானும் அப்பாவும் சௌக்கியம், உன் தம்பி எப்போதும்போல் பசியோடு சௌக்கியம். நீயும் அங்கே நேரத்துக்குச் சாப்பிட்டு, நன்றாகத் தூங்கி எழுகிறாய் என்றே நினைத்துக்கொள்கிறேன். தீர்ப்பு வந்துவிட்டது, கண்ணு. போனில் சொன்னால் நீ அழுவாய், நானும் அழுவேன், விஷயம் நடுவில் காணாமல் போய்விடும், அதனால்தான் எழுத உட்கார்ந்தேன். போன தடவை பேசும்போது, "நான் பொறக்காம இருந்திருந்தா உனக்கு அப்பவே பிரமோஷன் கெடச்சிருக்கும்லமா" என்று கேட்டாய். அதற்குப் பதிலும் சேர்த்துத்தான் இந்தக் கடிதம்.

சப்-இன்ஸ்பெக்டராக இருந்த என்னை இன்ஸ்பெக்டர் பயிற்சிக்குக் கூப்பிட்டபோது நீ வயிற்றில் இருந்தாய். போலீஸ் டாக்டரே ஓடக் கூடாது என்று எழுதிக் கொடுத்தார், அடுத்த பயிற்சியில் சேர்த்துக்கொள்கிறோம் என்று சொல்லி அனுப்பினார்கள், நானும் நம்பி வந்தேன். அடுத்த பட்டியலிலும் என் பெயர் இல்லை, அதற்கடுத்ததிலும் இல்லை. கேட்டால், பயிற்சியைப் பாதியில் விட்டவள் என்றார்கள். எனக்குப் பின்னால் வேலைக்கு வந்த நெட்டை, நம் வீட்டுக்குள் நுழையும்போதெல்லாம் நிலையில் தலையை இடித்துக்கொள்வானே, அவனே எனக்கு மேலதிகாரியாகி, அவனுக்கு நான் சல்யூட் அடித்தேன். போட்ட மனுவெல்லாம் கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தது. கடைசியில் நான் கோர்ட்டில் கேஸ் போட்டதும் நெட்டைதான் வந்தான், பாவம், யாரோ அனுப்பியிருக்கிறார்கள். "வாபஸ் வாங்கிடுங்கக்கா, ரிட்டையர் ஆகப் போற நேரத்துல எதுக்கு இவங்க பகை" என்றான். "இத்தனை வருஷமா ஊரார் புகாரையே எழுதிக்கிட்டிருக்கேன் தம்பி, என் புகாரையும் ஒருத்தர் கேட்கட்டுமே" என்றேன். அவன் டீயைக் குடித்துவிட்டுப் போனான்.

கோர்ட்டில் உட்கார்ந்திருப்பது விசித்திரமான அனுபவம். உயரத்தில் மின்விசிறி சோம்பலாகச் சுற்றும், ஜன்னல் வெயில் மேசை மேசையாக நகர்ந்துகொண்டிருக்கும், வக்கீல்கள் மனுதாரர், மனுதாரர் என்று பேசுவது யாரோ ஒருத்தியின் கதை மாதிரி கேட்கும். அவளைப் பார்க்க வேண்டும்போல் இருக்கும் எனக்கு. கண்ணை மூடினால், பயிற்சி மைதானத்தின் ஓரத்தில் வயிற்றில் கையை வைத்தபடி, மற்றவர்கள் ஓடுவதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். புழுதி மேகம் மாதிரி எழுந்து மெல்ல அடங்குகிறது, உள்ளே நீ உதைக்கிறாய். அவளுக்குச் சிரிப்பு வருகிறது. அந்த நினைவில் மயங்கியிருந்தபோது அரசுத் தரப்பு வக்கீல், மனுதாரர் வேலையைவிடக் குடும்பத்தைத்தான் பெரிதாக நினைத்தார் என்று சொன்னது காதில் விழுந்தது. உடம்பெல்லாம் எரிந்தது. நீதிபதி அம்மா மூக்குக் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, "ஓடக் கூடாதுன்னு சொன்னதும் நீங்க, ஓடலைன்னு குத்தம் சொல்றதும் நீங்களா?" என்று கேட்டார். அந்த வக்கீல் காகிதத்தைப் புரட்டினார், புரட்டிக்கொண்டே இருந்தார்.

பிள்ளை பெற்றதைப் பணியில் வந்த குறையாகக் கணக்கிட முடியாது, நெட்டை பதவி உயர்ந்த தேதியிலிருந்தே எனக்கும் உயர்வு தர வேண்டும் என்று தீர்ப்பு. வாசித்தபோது எனக்குச் சம்பளமும் தோன்றவில்லை, பதவியும் தோன்றவில்லை. பிறந்த அன்றைக்கு உன்னைத் துண்டில் சுற்றி என் மார்பில் போட்டார்களே, அந்தச் சூடுதான் நெஞ்சில் பரவியது. என் வழியை மறித்தவர்கள் நாற்காலியில் உட்கார்ந்திருந்த பெரியவர்கள், கண்ணு. நீ அந்த நேரத்தில் கைவிரலைச் சப்பிக்கொண்டு தூங்கிக்கொண்டிருந்தாய். இனி அந்தக் கேள்வியை நீ கேட்கக் கூடாது, மனசுக்குள்ளேகூட.

அவர்கள் மேல்முறையீட்டுக்குப் போகவில்லை, உத்தரவு கைக்கு வந்துவிட்டது. இன்று காலை என் தோளில் இன்ஸ்பெக்டருக்கான மூன்றாவது நட்சத்திரத்தை அப்பாதான் குத்திவிட்டார். கடை வைத்து ஊர்க் கண்ணுக்கெல்லாம் மூக்குக் கண்ணாடி விற்கிற மனுஷன், அதைக் கோணலாகக் குத்திவிட்டு, "நேராத்தான் இருக்கு, போ" என்று என்னைத் தள்ளினார், அவர் கண்ணில் தண்ணீர். நான் திருத்தவில்லை. நாள் முழுக்க அப்படியே கோணலாகவே ஸ்டேஷனில் உட்கார்ந்திருந்தேன், பார்த்தவர்கள் எல்லாரும் எழுந்து நின்றார்கள்.

குளிர் காலம் வருகிறது, காதை மூடிக்கொண்டு வெளியே போ. நீ நினைத்ததெல்லாம் கைகூடி, நீண்ட ஆயுளோடு நன்றாக இருக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமை மறக்காமல் தம்பியிடம் பேசு, நீ அவன்மேல் கோபமாக இருப்பதாக நினைத்துக்கொண்டிருக்கிறான்.

என்றும் உன் நினைவாகவே இருக்கும்,
உன் இன்ஸ்பெக்டர் அம்மா.