சதுரமாக வெட்டிய பிஸ்கட்

அக்கா,

போன மாதம் பேத்தி முகப்பேர் கடையிலிருந்து ஒரு பாக்கெட் வாங்கி வந்தாள். "தாத்தா, சீஸ் பிஸ்கட். ஆனா இதுல பாலும் கிடையாது, வெண்ணெயும் கிடையாது. புதுசா வந்திருக்கு" என்றாள். புதுசாம்! பிரித்து மூக்கருகே கொண்டுபோனேன். வறுத்த ஈஸ்ட் வாசனை. அதற்குமேல் அவள் எதிரில் உட்கார முடியவில்லை. தண்ணீர் குடிக்கப் போகிறவன்போல் சமையல்கட்டுக்குப் போய் நின்றுகொண்டேன்.

நீ போய் இருபத்தைந்து வருஷத்துக்கு மேலாகிறது. உன்னிடம் சொல்லாமல் விட்ட ஒன்று என்னிடம் இருக்கிறது. கொஞ்சம் சுற்றி வளைத்துத்தான் அதற்கு வருவேன், பொறுத்துக்கொள். எனக்கு நேராகப் பேச வராது என்பது உனக்குத் தெரியும்.

அம்பத்தூர் எஸ்டேட்டில் நம் பேக்கரிக்கு நீ வந்தது எண்பத்தைந்து வாக்கில். நான் அடுப்பில், நீ பேக்கிங் மேஜையில். வெள்ளானூரில் நடவுக்கும் களையெடுப்புக்கும் போய்க்கொண்டிருந்தவள் நீ. முதல் நாள் நாற்றுமுடி கட்டுகிற வேகத்தில் பிஸ்கட்டை அள்ளி அழுத்திவிட்டாய். பாதி நொறுங்கிப்போய் சூப்பர்வைசர் கத்தினார். "பிஸ்கட்டு இம்மாம் பூஞ்சையா இருந்தா நான் இன்னா பண்றது?" என்று நீ திருப்பிக் கேட்டாய். மேஜை முழுக்கச் சிரித்தது. அன்றிலிருந்துதான் நான் உன்னை அக்கா என்று கூப்பிட ஆரம்பித்தேன், நீ என்னை நைனா என்றாய்.

உன் மகன் சேகருக்கு இரண்டு வயதில் போலியோ வந்து இரண்டு காலும் சூம்பிவிட்டன. அவன் எழுந்து நடக்கிற வரைக்கும் பால், தயிர், வெண்ணெய், நெய் எதையும் தொடுவதில்லை என்று அம்மனுக்கு வேண்டிக்கொண்டிருந்தாய். பால் இல்லாத டீயை நீ முகம் சுளிக்காமல் குடிப்பதைப் பார்த்து நாங்கள் எவ்வளவு கிண்டல் செய்திருப்போம்! நீ அசைந்துகொடுத்ததே இல்லை.

அப்போதுதான் ஒரு கம்பெனி கேன்டீனுக்கு சீஸ் பிஸ்கட் போட ஆரம்பித்தோம். டின்னில் வரும் சீஸைத் துருவி, வெண்ணெயோடு பிசைந்து, வட்டமாக வெட்டிச் சுட்டால் தெருமுனை வரை மணக்கும். உடைசலை ஆளுக்கு ஒரு கை கொடுப்பார்கள். நீ உன் பங்கைக் காகிதத்தில் மடித்து சேகருக்கு எடுத்து வைப்பாய். பிறகு விரலை மூக்கில் வைத்துக்கொள்வாய். "துன்னாத்தானே குத்தம்? மோந்து பாத்தா இன்னா?" என்பாய். சிரித்துக்கொண்டேதான் சொல்வாய். எனக்குத்தான் கஷ்டமாக இருக்கும்.

ஒரு நாள் ஈஸ்ட் கட்டி ஒன்றை அடுப்பு மேல் வைத்து மறந்துவிட்டேன். அது உதிர்ந்து, காய்ந்து, பழுப்பாக வறுபட்டுவிட்டது. முதலாளி பார்ப்பதற்குள் குப்பையில் கொட்டப்போனேன். நீ மேஜையிலிருந்து எழுந்து வந்தாய். "இன்னா நைனா, இன்னிக்கி சீஸ் போடலியே, வாசன மட்டும் எப்டி வருது?" அந்தப் பொடியை வறுத்த வேர்க்கடலையோடு அரைத்து, வனஸ்பதி, உப்பு, மிளகு, துளி எலுமிச்சைச் சாறு விட்டுப் பிசைந்தேன். முதல் ஈடு கசந்தது. இரண்டாவது கல்லாகிவிட்டது. மூன்றாவதை நீ கடித்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டாய். சீஸ் இல்லாமல் சீஸ் பிஸ்கட் செய்துவிட்டேன் என்ற தலைக்கனம் எனக்கு ஒரு மாதத்துக்கு இறங்கவில்லை.

கலந்துபோகக் கூடாது என்பதற்காக உன்னுடையதைச் சதுரமாக வெட்டுவேன். அப்படியும் நீ ஒவ்வொரு தடவையும் கேட்பாய்: "தட்ட கழுவிட்டியா நைனா? பால் பட்ட கத்தி இல்லியே?" இல்லை என்பேன். அது உண்மையாகவும் இருந்தது. ஒரு தடவையைத் தவிர.

அந்த ஐப்பசியில் விடாத மழை. பத்து நாளாக ஈஸ்ட் வரவில்லை. நீ காலையில் சேகரை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போய்விட்டு, மத்தியானம் தொப்பலாக நனைந்து வந்தாய். இன்னொரு ஆபரேஷன் செய்து பார்க்கலாம், நடப்பான் என்று உறுதியாகச் சொல்ல முடியாது என்றார்களாம். மைதா மூட்டை மேல் உட்கார்ந்தாய். "காலையிலேந்து ஒண்ணும் துன்னல. வாயெல்லாம் கசக்குது. என் சதுரம் ரெண்டு குடேன்" என்றாய். இல்லை என்று சொல்லியிருக்கலாம். ஒரு கை வறுத்த வேர்க்கடலையாவது கொடுத்திருக்கலாம். ஆனால் பலகை மேல் அசல் சீஸ் மாவு விரித்துக் கிடந்தது. அம்மன் என்ன அடுப்படிக்கு வந்து எட்டிப் பார்க்கவா போகிறாள் என்று நினைத்தேன். கத்தியை எடுத்துச் சதுரமாக வெட்டினேன்.

சுட்டுக் கொடுத்ததும் நீ வழக்கம்போலக் கேட்டாய். "பால் இல்லியே?"

"இல்லக்கா."

ஒவ்வொன்றாகச் சாப்பிட்டாய். "இன்னிக்கித்தான் அசல் மாதிரியே கீது" என்றாய். எனக்குப் பெருமையாக இருந்தது அக்கா. அதை இப்போது நினைத்தால்தான் உடம்பு கூசுகிறது.

ஆபரேஷன் நடந்தது. சேகர் நடக்கவில்லை. தை மாதம் ஒரு நாள் நான் நீட்டிய சதுரத்தை நீ வாங்கவில்லை. "வேணாம் நைனா. நான்தான் எங்கியோ தப்பு பண்ணிட்டேன். வேண்டிக்கினு, அப்புறம் அந்த ருசிக்கே நாக்க தொங்கப் போட்டுக்கினு இருந்தேன் பாரு. அதான் ஆத்தா கண்ண மூடிக்கினா." அப்போது சொல்லியிருக்க வேண்டும். சொன்னால் என் முகத்தில் விழிக்கமாட்டாய் என்று பயந்தேன். "அதெல்லாம் ஒண்ணுமில்லக்கா" என்று மட்டும் சொல்லிவிட்டு அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டேன். அதன்பின் நீ அந்த பிஸ்கட்டைத் தொடவே இல்லை. உடைசலை மோந்து பார்ப்பதையும் விட்டுவிட்டாய்.

தொண்ணூற்றெட்டில் உனக்கு வயிற்றில் கட்டி வந்தது. வேறெதுவும் உள்ளே இறங்கவில்லை, பாலாவது கொடுங்கள் என்றார் டாக்டர். சேகர் டம்ளரை உன் வாயருகே வைத்துக் கெஞ்சினான். நீ உதட்டை இறுக்கிக்கொண்டு முகத்தைத் திருப்பினாய். நான் ஃபிளாஸ்க்கைப் பிடித்துக்கொண்டு கட்டில் காலடியில் நின்றிருந்தேன். உன் பார்வை என் மேல் விழுந்தது. "கடையில வேல ஜாஸ்தியா நைனா?" என்று கேட்டாய். ஆமாம் என்றேன். அதுதான் நான் உன்னிடம் கடைசியாகப் பேசியது.

பேத்தி வாங்கி வந்த பாக்கெட்டைப் பார்த்த மறு ஞாயிற்றுக்கிழமை வெள்ளானூர் போனேன். சேகர் செல்போன் ரிப்பேர் கடை வைத்திருக்கிறான், மூன்று சக்கர வண்டியில் போய் வருகிறான். தலையெல்லாம் நரைத்துவிட்டது. எல்லாவற்றையும் அவனிடம் சொன்னேன். திட்டுவான் என்று நினைத்தேன், திட்டியிருந்தால் தேவலை. கையில் இருந்த போனைக் கழற்றி முடித்துவிட்டு நிமிர்ந்தான்.

"என் காலு அந்த பிஸ்கட்டுனால போவல மாமா. அது எனக்குத் தெரியும். ஆனா அம்மா சாவுற வரைக்கும் தாந்தான் தப்பு பண்ணிட்டோம்னு சொல்லிக்கினே இருந்துச்சு. இத இப்ப எங்கிட்ட வந்து சொல்றியே. அம்மாவாண்ட இல்ல சொல்லியிருக்கணும்?"

அவன் சொன்னது சரி. அதனால் எழுதுகிறேன். அக்கா, அன்றைக்கு அதில் பால் இருந்தது. தெரிந்துதான் கொடுத்தேன். நீ எந்தத் தப்பும் செய்யவில்லை.